மரம் அட்டையைத் தட்டாது

ஹந்தானைத் தேயிலை மலைக்கு ஏறும் பஸ்ஸில் எனக்கு முன் சீட்டில் இருவர். மடியில் கேமராப் பையோடு ஓர் இளைஞர், பக்கத்தில் கொழுந்து பறிக்கும் பெண்.

“நாளைக்குப் படம் எடுக்கேக்க காலில சவுக்காரம் பூசாதேங்கோ அக்கா. பூசினால் அட்டை ரத்தம் குடிக்க ஏறாது.”

“பூசாம நான் மலைக்குப் போனதே இல்ல தம்பி.”

“கதையில நீங்கள் மரமா மாறுறீங்கள். மரம் அட்டையைத் தட்டாதெல்லோ?”

“எவ்வளவு நேரம் நிக்கணும்?”

“பத்து நிமிஷம்.”

அவள் வெளியே பார்த்தாள். பிறகு திரும்பினாள்.

“நீங்களும் சப்பாத்தக் கழட்டிட்டு எதுக்க நில்லுங்க. நீங்க தட்டுற வரைக்கும் நான் தட்ட மாட்டேன்.”

“நான் கேமரா பிடிக்கவேணுமே அக்கா!”

“அத கையாலதானே புடிக்கிறீங்க? காலு சும்மாதானே இருக்கு.”

இளைஞர் குனிந்து காலுறையை மேலே இழுத்துவிட்டார்.