கன்னு கழல மாட்டேங்குது

...இழுத்துப் பாத்தாச்சு தம்பி, ஆட்டிப் பாத்தாச்சு, டயர ஒரு ஒதையும் விட்டாச்சு! காருல சொருகுன சார்ஜர் கன்னு கழல மாட்டேங்குது. தெரியுது, தெரியுது... பின்னாடி நீங்க காரோட காத்துக் கெடக்குறது. இந்தப் பங்க்ல இருக்குறதே ஒரு சார்ஜருதான், நான் என்ன பண்ண?

நான் ராயப்பன். விளாங்குடி. பிசிக்ஸ் வாத்தியாரு, ரிட்டயர்டு. கரண்டப் பத்தி ஊருக்கே பாடம் எடுத்தவனுக்கு ஒரு பிளக்கப் புடுங்கத் தெரியலன்னா... சிரிக்காதீங்க!

இந்தக் கரண்டு காரு வாங்குனது முந்தாநாளு. இருக்குறதுலயே வெல கம்மி. ஆனா அதுகூடக் குடுத்தான் பாருங்க ஒரு புத்தகம்... தலகாணி தண்டி! ஆண்டவரே பத்துக் கட்டளையோட நிறுத்திக்கிட்டாரு. இவிங்க? பேட்டரியில தண்ணி ஊத்தாத, டிக்கிக்குள்ள ஆள ஏத்தாத... ஏன்யா, தேங்கா மூட்டையே பாதி வெளிய நீட்டிக்கிட்டு நிக்குது, ஆளு எங்கிட்டு ஏறுவான்?

ஆங்... காருக்குள்ளேர்ந்து தட்டுறதா? என் சம்சாரம், விக்டோரியா. கண்டுக்காதீங்க. கெளம்பும்போதே "புத்தகத்த வாசிங்க, வாசிங்க"ன்னா. "எனக்கே பாடமாடி"ன்னேன். அதுலருந்து பேச்சுவார்த்த இல்ல.

இந்நேரம் திண்டுக்கல் சர்ச்சுல இருக்கணும் தம்பி. மகன் ஜெரால்டுக்கு நிச்சயம். மோதிரம் எங்கிட்ட. பொண்ணு வீட்டுக்காரங்க வந்து உக்காந்தாச்சு. பய மாத்தி மாத்தி போன் அடிச்சான்... கடைசியா அடிச்சப்ப பெருமூச்சு மட்டும் விட்டான்.

இவ என்னத்தக் காமிக்கிறா? புத்தகத்த விரிச்சு ஜன்னல்ல ஒட்டிக்கிட்டு, வெரலால வேற குத்துறா! இருங்க, மூக்குக்கண்ணாடிய மாட்டிக்கிறேன். "கார்... பூட்டியிருக்கும்போது... சார்ஜர் கன்னும்... பூட்டிக்கொள்ளும்."

பூட்டுனது... நான்தேன். எறங்கி வந்து மறுபடி நச்சரிப்பாளேன்னு சாவிய அமுக்கிட்டேன்.

எங்க, அமுக்குவோம்... டக்கு! வந்துருச்சு! பாத்தீகளா, இம்புட்டுதேன்! இதுக்குப் போயி ஒரு புத்தகமாம்!

இந்தாங்க, கன்னப் புடிங்க. ஏய் விக்டோரியா, பேசாட்டி போ, புத்தகத்த மட்டும் மூடிறாத! ரிவர்ஸ் எடுக்குறது எந்தப் பக்கத்துல போட்டிருக்கான்னு பாரு. முன்னாடி செவரு நிக்குதுல்ல!

தம்பி... கன்னப் போட்டுட்டு எங்க ஓடுறீங்க? தம்பி! காரப் பின்னாடி எடுக்குறீங்க... சார்ஜு போட வேணாமா?