ரோசம்மாளைக் கூப்பிட்ட குரல்

லாந்தர கொறச்சி வையி. கிட்ட வாங்கபா... இது என் கூட்டாளி தாவீதோட அம்மாவுக்கு நடந்தது. ரோசம்மாள்னு பேரு.

எழுபத்திமூணாம் வருசம். விடிகாலை நாலரை மணி. கும்மிடிப்பூண்டி ஸ்டேஷன் தாண்டி ஒரு மண்ரோடு... ரெண்டு பக்கமும் முள்ளுக்காடு. வெளக்கு கெடையாது. கடைசில ஒரு எண்ணெ மில்லு. மூடி ஆறு மாசம். ரோசம்மாள் அங்க பெருக்கிக்கினு இருந்தவங்க. ஆளுங்க எல்லாம் போய்ட்டாங்க... மில்லுல இருந்த பதினேழு பூனைங்க எங்க போவும்? எலும்பும் தோலுமா கேட்டாண்ட கத்திக்கினு கெடக்கும்.

இவங்க ஊட்லயே அடுப்பு ஒருவேளதான் எரியுது. அப்பவும் முந்தின நாளு மார்க்கெட்ல பொறுக்குன மீன் தலய எடுத்துக்கினு தெனம் அந்த நேரத்துக்குப் போவாங்க. "பூஸ்... வாடி கண்ணு"ன்னு ஒரு கொரலு. பதினேழும் ஓடியாரும்.

ஒருநாள் பதினொண்ணுதான் வந்திச்சி. மறுநாள் ஆறு.

அதுக்கு மறுநாள் கேட்டாண்ட மீன் தலய கொட்டிட்டு நிக்கறாங்க... வாயே தொறக்கல. மில்லுக்கு உள்ளார இருந்து, "பூஸ்... வாடி கண்ணு..."

அவங்க கொரலு.

தின்னுக்கினு இருந்த ஆறும் அப்டியே வுட்டுட்டு, கேட்டுக்கு அடியில பூந்து உள்ள ஓடுது. "போவாதீங்கடி! நான் இங்க இருக்கறேன்டி!"ன்னு கத்தறாங்க. ஒண்ணும் திரும்பல. கேட்ட புடிச்சி ஆட்டறாங்க, நெத்தில முட்டிக்கறாங்க. வாட்ச்மேன் அப்பாவு ஓடியாந்தாரு.

"தொறண்ணா... உன் கால்ல வுழறேன்."

தொறந்தாரு. டார்ச் அடிச்சாங்க. புண்ணாக்கு நாத்தம்... ஈரத்துணி நாத்தம். தூசு மேல பூனக் காலடி. ஹாலு நடுவு வரிக்கும் போவுது. அங்க நின்னுப்போச்சி. அதுக்கு மேல ஒண்ணும் இல்ல.

ரோசம்மாள் கூப்புட வாயத் தொறந்தாங்க. காத்துதான் வந்திச்சி. அதோட கொரலு போச்சி. ஆஸ்பத்திரில பாத்துட்டு, தொண்ட நல்லாத்தான் இருக்குதுன்னுட்டாங்க.

கொரலு போன எட்டாம் நாளு. அதே நாலரை மணி. தாவீது முழிச்சிக்கினான். வாசக்கதவுக்கு வெளிய, வயிறு ரொம்புன பூனைங்க மாரி, கொர்ர்... கொர்ர்... நடுவுல அம்மா கொரலு.

"ரோசம்மா... வாடி கண்ணு..."

அம்மா எழுந்து கதவாண்ட போவுது. மூஞ்சில அப்டி ஒரு சந்தோசம்... கைய தாப்பா மேல வச்சிடிச்சி. தாவீது இடுப்ப கட்டிப் புடிச்சிக்கினான். "யம்மா, நான் இருக்கறேன்ல... யம்மா..." அம்மா சத்தமே இல்லாம அழுதுக்கினே கதவப் பாத்து இழுக்குது. பொழுது விடியறவரிக்கும் இழுத்திச்சி.

அன்னிக்கே ஊட்ட காலி பண்ணிக்கினு ஆரணிக்குப் போய்ட்டாங்க. சாமான் ஏத்த நான்தான் போனேன். அப்பதான் அந்தக் கதவப் பாத்தேன். வெளிப்பக்கம் பூரா நகக் கீறலு. கீழ இல்லபா... பூன ஒசரத்துல ஒண்ணுகூட இல்ல.

எல்லாம் என் நெஞ்சுக்கு நேரா.