மொமோமாருவுக்காக நான் பேசினேன்

என் தம்பி அழுதால் அழகாக இருப்பான். அதில் எனக்கு மாற்றுக் கருத்தே இல்லை. சினிமாவில் அவன் பெயர் மொமோமாரு. வயது ஏழு. முகத்தில் வெள்ளைப் பூச்சு, தலையில் பொய்க்கொண்டை, எந்தப் படத்திலும் சாமுராயின் அநாதைப் பிள்ளை. கியோத்தோப் பெண்கள் அவன் பெயரைக் கேட்டாலே கைக்குட்டையைத் தேடுவார்கள். அப்பா தறியை விற்றுவிட்டு அவனுக்கு விசிறிக்கொண்டிருந்தார். எங்கள் பரம்பரையிலேயே முதன்முதலாகப் பள்ளிப் படிப்பை முடித்த நான் அவன் செருப்பைத் தூக்கிக்கொண்டு பின்னால் நடந்தேன்.

“படிச்சவதானே, ஜோடி மாத்தாம வையி” என்பார் அப்பா.

எனக்குக் கோபம் கிடையாது. முதலில் அதை எழுதிக்கொள்ளுங்கள்.

நம் படங்கள் பேசாது. திரையோரம் நின்று எல்லாருக்கும் சேர்த்துக் குரல் கொடுப்பவர் பென்ஷி. புதுப்படம் வெளியான அன்று எங்கள் பென்ஷிக்குத் தொண்டை கட்டிக்கொண்டது. அவர் தேநீரில் நான் விஷம் எதுவும் கலக்கவில்லை. ஒரு கரண்டி கடுகு விழுதுதான். தம்பிக்கு மூன்று வருட ஒப்பந்தம் போடக் கம்பெனி முதலாளி வந்து உட்கார்ந்திருந்தார். எனக்கு வசனமெல்லாம் மனப்பாடம் என்று சொல்லி மேடையேறினேன்.

பனியில் அம்மாவின் கல்லறையைக் கட்டிக்கொண்டு தம்பி அழும் கட்டம். அரங்கமே மூக்கைச் சிந்தத் தயாரானது. நான் அவன் குரலில் கேட்டேன்.

“யம்மா, போறதுதான் போன, அரிசிப் பணியாரத்த எங்க ஒளிச்சு வச்சேன்னு சொல்லிட்டுப் போகக் கூடாதா?”

யாரோ ஒரு கிழவர் களுக்கென்று சிரித்தார். திரையில் தம்பி மண்ணைப் பிறாண்டினான்.

“இங்கயும் இல்லியே!”

அவ்வளவுதான். உட்கார்ந்திருந்த பாய் அதிரச் சிரித்தார்கள்.

முன்வரிசையில் தம்பி எழுந்து கூட்டத்தைப் பார்த்துத் திரும்பினான். “சிரிக்காதீங்க! எங்கம்மாவ நெனச்சு நெசமாத்தான் அழுதேன்!” என்று கத்தினான். அம்மா இறந்து அப்போது நாற்பது நாள்கூட ஆகவில்லை. பக்கத்தில் நின்ற எனக்குக் கேட்டது. சிரிப்புச் சத்தத்தில் கூட்டத்துக்குக் கேட்கவில்லை, வாய் அசைந்தது மட்டும்தான் தெரிந்தது. அதற்கும் நானே குரல் கொடுத்தேன்.

“பசிக்குதுங்க!”

முதலாளி கண்ணைத் துடைத்துக்கொண்டு அப்பாவிடம் சொன்னார். “இனிமே இவன் அழுதா யாருய்யா அழுவா? ஆமா, இந்தப் பொண்ணு பேரென்ன?”

ஒப்பந்தம் எனக்கு வந்தது. தம்பி படிக்க வேண்டும் என்பதற்காகத்தான் இத்தனையும் செய்தேன். இப்போது பள்ளிக்குப் போகிறான். அன்றிலிருந்து வாய் திறப்பதில்லை. அதனால் ஒரு குறையும் இல்லை. அவன் நினைப்பதை அப்பாவிடம் அவன் குரலிலேயே நான் சொல்லிவிடுகிறேன். ரொம்பச் சந்தோஷமாக இருக்கிறானாம்.