டாக்டரம்மா ஆட்டிய லைட்டு

திண்டிவனத்திலிருந்து கிளம்பிய விழுப்புரம் பஸ்ஸில் என் முன்சீட்டில் இரண்டு பெண்கள். கண் டாக்டரிடம் போய்விட்டு வருகிறார்கள். இளையவள் தையல்காரி என்பது பேச்சிலேயே தெரிந்தது.

"அந்த டாக்டரம்மா பொய் சொல்ல சான்ஸே குடுக்கலக்கா" என்று அவள் சொன்னதும் நான் காதைத் தீட்டிக்கொண்டேன்.

"பொய்யா? எதுக்குடி?"

"கண்ணு மங்கிடுச்சுன்னு தெரிஞ்சா எவ துணி குடுப்பா? எனக்கு முன்னாடி போனவங்க சத்தமா படிச்ச எழுத்தையெல்லாம் மனப்பாடம் பண்ணிக்கினு உள்ள போனேன். அந்தம்மா படிக்கவே சொல்லல. ரூமை இருட்டாக்கி, கண்ணுக்குள்ள கோடு மாதிரி ஒரு லைட்டை அடிச்சி, இப்படியும் அப்படியும் ஆட்டிப் பாத்தாங்க. தூரமா பாருன்னாங்க, அப்புறம் கிட்டத்துல பாருன்னாங்க. அவ்ளோதான்."

"என்ன சொன்னாங்க?"

"தூரம் நல்லா இருக்காம். கிட்டத்துலதான் கண்ணு ஃபோகஸ் பண்ண மாட்டேங்குதாம். ஊசில நூல் கோக்க பேஜாரா இருக்கான்னு கேட்டாங்க. நான் வாயே தொறக்கலக்கா!"

பெரியவள் சிரித்துவிட்டாள். "கண்ணாடியதான் வாங்கிட்டியே, போட்டுப் பாரு."

மாட்டிக்கொண்டு திரும்பியவள் அக்காவின் ஜாக்கெட் கையைப் பிடித்துக்கொண்டாள்.

"ஐயோ, இது நான் தச்சதா? தையல் பாம்பு மாதிரி போவுது!"

"தீபாவளிக்கு நீ தச்சதுதான்."

"ஏங்க்கா சொல்லல?"

"சொன்னா அழுவியே."

இளையவள் அந்தத் தையலை விரலால் தடவிப் பார்த்தாள்.

"கழட்டிக் குடுக்கா, பிரிச்சுத் தச்சித் தர்றேன்."

"இரு தாயே, மொதல்ல ஊரு வரட்டும்."