தறிக்குழியில் இறங்கிய படுபனி

ஓடுகிறேன். கையெல்லாம் கஞ்சி. பின்னால் தெருவை அடைத்துக்கொண்டு வெள்ளை வருகிறது. இடுப்பு உயரம். அதற்கு மேல் ஒரு விரற்கடைகூட எழும்பவில்லை. கோடித் துணியைக் கிழிப்பது போலச் சத்தம். நிற்காமல் கிழிக்கிறது.

உலகச் சண்டை நடந்த காலம். ஒரு மார்கழி. செவ்வாய்க்கிழமை. வெயில் ஏறாத காலை. அம்மாபேட்டையில் எங்கள் தெரு முழுக்க நெசவு. விடிந்ததும் பெண்கள் நாங்கள் தறியில் ஏற்றுகிற பாவு நூலைத் தெருவில் நீட்டிக் கட்டிக் கஞ்சி தோய்ப்போம். அன்று என்னோடு நின்றவள் அடுத்த வீட்டு நல்லம்மா. அவள்தான் முதலில் பார்த்தாள்.

"என்ன புள்ள, பனி இப்படிப் படுத்துக்கிட்டு வருது?"

கேட்டு முடிப்பதற்குள் அவள் முழங்கால் விறைத்தது. கஞ்சி காய்ந்த நூல் போல. நின்றபடியே வெளுத்தாள். நான் ஓடினேன்.

அது படுபனி. மலையடியிலிருந்து எப்போதாவது இறங்கும். என் மாமியார் பிறப்பதற்கு முன் ஒருமுறை இறங்கியதாம். பள்ளத்தைத் தேடிப் போகும். தொட்டது விறைக்கும். மேலே ஏறியவர்கள் பிழைத்தார்களாம். இவ்வளவும் கேட்டு வைத்திருந்தோம். யார் நம்பினார்கள்?

"மேல ஏறுங்க! கூரை மேல ஏறுங்க!"

கத்திக்கொண்டே ஓடுகிறேன். அப்போது சங்கு ஊதுகிறது. எழும்பி, விழுந்து, மறுபடி எழும்பும் ஊளை. அபாயச் சங்கு. அதற்கு முன்னால் என் தொண்டை எம்மாத்திரம்?

சங்கு ஊதினால் என்ன செய்ய வேண்டும் என்று ஊருக்கே பழக்கியிருந்தார்கள். விமானம் வரும், குண்டு போடும், குழியில் பதுங்கு. மற்ற தெருக்களில் அதற்கென்று குழி வெட்டினார்கள். எங்கள் தெருவில் வெட்டவில்லை. நெய்கிறவர் காலைத் தொங்கவிட்டு மிதிக்கிற தறிக்குழி வீட்டுக்கு வீடு இருக்கிறதே, அது போதாதா என்றோம். நாங்களேதான் சொன்னோம். பெருமையாக வேறு சொன்னோம். ஒத்திகை நாளில் முதலில் அடங்குவது எங்கள் தெருதான்.

கதவு சாத்துகிற சத்தம். தாழ்ப்பாள் சத்தம். ஒவ்வொரு வீடாகத் தறி நிற்கிறது.

என் வீடும் தாழ் போட்டிருக்கிறது. உள்ளே என் வீட்டுக்காரர் ஆறுமுகம். மகள் பாப்பாத்தி. ஐந்து வயது. கதவை ஓங்கி அடிக்கிறேன்.

"ஏனுங்க, குழியில எறங்காதீங்க. படுபனி வருது. பரண் மேல ஏறுங்க."

"சங்கு ஊதுதுல்ல? மேல ஏறுனா குண்டு நம்ம தலையிலதான் உழும். இரு, பாப்பாத்திய எறக்கி உட்டுட்டு வாரேன்."

பனி என் இடது காலைத் தொட்டது. ஜன்னல் கம்பியில் கால் வைத்துக் கூரை ஏறினேன். ஓடுகளைப் பிய்த்தெறிந்தேன்.

மேலிருந்து பார்க்கிறேன். கதவிடுக்கில் வெள்ளை நுழைகிறது. தரையைக் கடக்கிறது. தண்ணீர் போலக் குழிக்குள் வழிகிறது. அவர் பார்த்துவிட்டார். குழியில் நிற்கிறார். பாப்பாத்தி அவருக்கு முன்னால், விரித்த பாவுக்கு அடியில், மிதிக் கட்டைகளுக்கு நடுவே சுருண்டிருக்கிறாள்.

"பாவ அறுங்க! அறுத்துத் தூக்குங்க!"

உத்தரத்தில் படுத்துக் கையை நீட்டினேன். தலைக்கு மேல் அவளைத் தூக்கினால் போதும். என் கைக்கு எட்டிவிடும்.

நூலுக்கு அலைந்த காலம்தான் அது. ஆனாலும் அவர் நூலை நினைக்கவில்லை. அடித்துச் சொல்வேன். சின்ன வயதிலிருந்து அறுந்த இழையைத் தேடித் தேடி முடிச்சுப் போட்ட கை அது. அறுக்க அதற்குத் தெரியாது. குனிந்தார். மிதிக் கயிறுகளை விலக்கினார். பிள்ளையைப் பாவுக்கு அடியிலேயே தன் பக்கம் இழுத்தார்.

"வா சாமி. மெல்ல வா."

கயிறு அவள் காலில் சிக்கியது. அவிழ்த்தார். அவிழ்த்துக்கொண்டே இருந்தார்.

"அப்பா, சில்லுனு இருக்குதுங்க."

அதன்பிறகு அவள் பேசவில்லை. அவர் நிமிரவில்லை. நான் கையை நீட்டியபடியே கிடந்தேன்.

உச்சி வெயிலில் பனி கரைந்தது. அபாயச் சங்கு ஊதுகிற வேலை பார்த்த கந்தசாமி, தெருக்கோடி நூல் கிடங்கின் மாடியிலிருந்து இறங்கி வந்தார். வெள்ளையைப் பார்த்துத்தான் ஊதியிருக்கிறார். அவரிடம் இருந்தது அந்த ஒரு சங்கு.

"எல்லாரும் வெளிய வரட்டும்னுதானுங்க ஊதுனேன். எல்லாரும் வெளிய வரட்டும்னுதானுங்க."

கதவு கதவாகப் போய் இதையே சொன்னார். கேட்க ஆள் இல்லை. வாய்க்கு வந்தபடி திட்டினேன் அவரை. பாவம், அவர் என்ன செய்வார்? இன்னும் என் ஆத்திரம் தீரவில்லை. யார் மேல் என்றுதான் தெரியவில்லை. சண்டை முடிகிற வரைக்கும் எங்கள் தெருவில் ஒரு குண்டும் விழவில்லை.

போனவர்களைச் சொல்கிறேன். மறக்காதீர்கள். நல்லம்மாவும் அவள் வீட்டில் ஐந்து பேரும். எதிர்வீட்டில் நான்கு பேர். அதில் ஒன்று கைக்குழந்தை. தூளியிலிருந்து எடுத்துக் குழியில் கிடத்தியிருந்தார்கள். தூளி நனையாமல் மேலே தொங்கியது. மற்ற வீடுகளில் கதவை உடைத்துத்தான் எடுத்தோம். நாற்பது தறியில் மறுநாள் ஒன்றும் ஓடவில்லை. என் இடது கால் விரல்கள் போயின. என் வீட்டில் இரண்டு பேர்.

பாவு இருந்தது. கையால் தடவிப் பார்த்தேன். ஓர் இழைகூட அறுந்திருக்கவில்லை.