பூ மூட்டையின் சூடு

"மதினி, உள்ள கையை விட்டுப் பாருங்க. பூவுக்குக் காய்ச்சல்!"

சித்தையன்கோட்டையிலிருந்து திண்டுக்கல் போகும் காலை பஸ்ஸில், முன்சீட்டுக் கல்லூரிப் பெண் இப்படிச் சொன்னதும் காதைத் தீட்டிக்கொண்டேன். பக்கத்தில் அவள் அண்ணன் மனைவி, மடியில் மல்லிகை மூட்டையோடு இருந்தார்.

"ஆமாத்தா, சுடுது! வெயில்கூட இன்னும் ஏறலையே."

"பறிச்ச பொறகும் மொட்டு மூச்சு விடுது மதினி. தன் சர்க்கரையை எரிச்சுச் சூட்டை வெளிய விடுது. நீங்க இறுக்கிக் கட்டிட்டீங்க, சூடு எங்க போகும்? அந்தச் சூடுதான் பக்கத்து மொட்டுக்குச் சேதி. அதுவும் அவசரமா எரிக்குது. மார்க்கெட் போறதுக்குள்ள எல்லாம் விரிஞ்சிருது. எங்க காலேஜ் பாடந்தான் இது."

"அப்ப என் கைராசி காரணமில்லையா? 'நீ தொட்ட பூ தங்காது'ன்னு ஒங்கம்மா தினம் சொல்றாகளே."

"கையில ஒண்ணுமில்ல. கட்டுலதான் இருக்கு."

மதினி மூட்டைக்குள் மறுபடி கையை விட்டுப் பார்த்தார். பிறகு, "நீ நல்லா இருக்கணும்த்தா" என்று அவள் கன்னத்தை வழித்து முத்தமிட்டார். முடிச்சைத் தளர்த்தியபடியே சொன்னார்:

"நாளைக்கு நான் கூடையில பரப்பிக் கொண்டாரேன். ஒரு மூட்டையை மட்டும் ஒங்கம்மா கையாலயே இறுக்கிக் கட்டட்டும். அவுகளையும் கூட்டிட்டு வந்து, மார்க்கெட்ல ரெண்டையும் பிரிச்சுப் பாப்போம்."