எங்க தெருத் தண்ணி ரொம்ப சுத்தம்

சுத்தமாம்! போன தடவையும் சுத்தமாம், அதுக்கு முந்தியும் சுத்தமாம்! தண்ணி டெஸ்ட் பண்றவங்க, நீங்களே சொல்லுங்க மேடம். தெருவுல பாதிப் பேருக்குக் கண்ணு மஞ்சளாக் கெடக்கு, வீட்டுக்கு வீடு வாந்தி. உங்க ஆபீஸ் தாள்ல மட்டும் ‘குடிக்க உகந்தது’ன்னு வருது. யாரு குடிக்க? அத அச்சடிச்ச மெஷினா?

பெட்டிய இந்தப் பக்கம் வைங்க. இன்னும் கொஞ்சம்… அங்க வச்சா தொட்டிய மறைக்குது. போன தடவை வந்த சார், முதுகக் காட்டிக்கிட்டே தண்ணி பிடிச்சாரு. நான் போட்ட வீடியோ பூரா அவரு சட்டைதான். கீழ கமெண்ட்ல ‘சட்டை எந்தக் கடை’ன்னு கேக்கறானுங்க!

நமக்கு போன் ரிப்பேர் கடை. ஆனா இப்ப ‘நிருபர்’னு கேட்டாத்தான் தெருவுல வழி சொல்லுவாங்க. எதுத்த வீட்டு டெய்லர் மட்டும் ‘ஓட்டை வாய்’ங்கறான். பொறாமை! சாக்கடைக் குழாயும் குடிதண்ணிக் குழாயும் ஒரே பள்ளத்துல கட்டிப் பிடிச்சுப் படுத்துக்கெடக்குன்னு மொதமொத ஊருக்குக் காட்டினது யாரு? நான்! அந்தப் பள்ளத்துல எறங்கி ஒத்தச் செருப்போட ஏறி வந்தவன் மேடம் நான். உங்க இன்ஜினியர் என்ன சொல்றாரு? ‘ரிப்போர்ட்ல கிருமின்னு வரட்டும், மறுநாளே தோண்டி மாத்தறேன்’ங்கறாரு. வரமாட்டேங்குதே!

சிரிக்காதீங்க. எம் பொண்ணு ஆஸ்பத்திரியில கெடக்கா. நேத்துப் போனேன், கையில போனோட. ‘என்னைய எடுக்காதப்பா, மொதல்ல குழாய மாத்தச் சொல்லு’ன்னு மூஞ்சியத் திருப்பிக்கிட்டா. அது கூட நல்ல ஷாட்டுதான்… சரி, விடுங்க.

ஏன் மோந்து பாக்கறீங்க? நாறுதா? நாறாதே!… சந்துக் குழாயில பிடிக்கணுமா? அய்ய, அங்க ஒரே இருட்டு மேடம், கேமராவுல ஒண்ணும் பதியாது. எப்பவும் இந்தத் தொட்டிதான்.

வாசம் வரத்தான் செய்யும். நேத்து சாயங்காலம் நாந்தானே மேல ஏறி, பாசியெல்லாம் தேய்ச்சு, பிளீச்சிங் பவுடர் பாக்கெட்ட அப்படியே… ஆமா, உள்ளதான். ஒவ்வொரு தடவையும், நீங்க வர்றதுக்கு முந்தின நாளு. பின்ன? அதிகாரி வந்து நிக்கறாங்க, ஊரே பாக்குது, தொட்டி அழுக்கா இருந்தா தெரு மானம் என்னாவறது?

என்னது?… பிளீச்சிங் போட்டா கிருமி…

செத்துடுமா?

எல்லாமேவா?

அப்ப… அந்த ரிப்போர்ட்டெல்லாம் நெசந்தானா? நானே கொன்னுப்புட்டு, எங்க கிருமி எங்க கிருமின்னு நானே கத்திக்கிட்டு… அடப்பாவி. எம் பொண்ணு அங்க…

மேடம், எங்க போறீங்க? சந்துக்கா? போங்க, போங்க, எடது பக்கம் திரும்பினா குழாயி. செல்போன உள்ள வச்சுட்டேன், பாருங்க, சட்டைப் பைக்குள்ள. ஒண்ணே ஒண்ணு மேடம்… மெதுவா, டெய்லர் சன்னலத் தொறக்கறான். இந்தப் பிளீச்சிங் விசயம் மட்டும் வெளிய வர வேணாம். எல்லாமே ஜனங்களுக்குத் தெரிஞ்சாகணும்னு என்ன இருக்கு, சொல்லுங்க?